பாதுகாப்பு ஆய்வில் பல்கலைக்கழகத்தின் இடம்: பாக் நீரிணைக் கரையிலிருந்து ஒரு பார்வை

1950களின் நடுவில் சென்னை குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் வானூர்திப் பொறியியல் படித்த இராமேசுவரத்து மாணவர் ஒருவருக்கும் அவருடைய நான்கு தோழர்களுக்கும் தரப்பட்ட வடிவமைப்புப் பணி, தாழப் பறந்து தாக்கும் போர் விமானம். வேலையில் முன்னேற்றம் போதாது என்று கண்ட பேராசிரியர் சீனிவாசன் மூன்றே நாள் கெடு கொடுத்தார். அந்த மாணவர் ஆ.ப.ஜெ. அப்துல் கலாம். பாதுகாப்பு ஆராய்ச்சி மேம்பாட்டு நிறுவனமான டி.ஆர்.டி.ஓ. 1958இல்தான் உருவானது. அது தோன்றுவதற்கு முன்பே தமிழ்நாட்டு வகுப்பறையில் போர் விமானம் வரையப்பட்டுவிட்டது. ஆகவே பல்கலைக்கழகத்துக்குள் இராணுவம் வரலாமா என்று இன்று கேட்பதில் பயனில்லை. எந்த நிபந்தனையோடு வரவேண்டும் என்பதே கேட்கவேண்டிய கேள்வி.

நிபந்தனை ஏன் முக்கியம் என்பதற்குக் கலாமின் முதல் பெரிய பணியே சான்று. பெங்களூரு வானூர்தி மேம்பாட்டு நிறுவனத்தில் அவரும் சிறு குழுவும் 'நந்தி' என்ற ஹோவர்கிராஃப்டை உருவாக்கினார்கள். 550 கிலோ சுமையோடு 40 மில்லிமீட்டர் காற்று மெத்தையின் மேல் அது நகர்ந்தது. பாதுகாப்பு அமைச்சர் கிருஷ்ண மேனனே அதில் ஏறிப் பார்த்தார். மேனன் பதவியிலிருந்து போனதும் திட்டம் கிடப்பில் போடப்பட்டது. ஓர் அமைச்சரின் ஆர்வத்தை மட்டும் நம்பி நின்ற முயற்சி, அவரோடு சேர்ந்து முடிந்தது.

இதன் விலையை மண்டபத்தில் பார்க்கலாம். கடலோரக் காவல்படையின் ஹோவர்கிராஃப்ட் அங்கிருந்து ரோந்து போகிறது. ஆழமற்ற பாக் நீரிணையில், தனுஷ்கோடிக்கு அப்பால் மணல்திட்டுகள் தலைகாட்டும் இடங்களில், பெரிய கப்பல் நெருங்க முடியாது. இதுவோ அடியில் சுற்றிக் கட்டிய ரப்பர் பாவாடையை விசிறிக்காற்றால் உப்பவைத்துக்கொண்டு, தண்ணீரிலிருந்து நேரே மணலில் ஏறி, புழுதி பறக்க நிற்கிறது. 21 மீட்டர் நீளம். மணிக்கு 45 கடல்மைல் வரை வேகம். வடிவமைப்பு கிரிஃபன் என்ற பிரிட்டிஷ் நிறுவனத்துடையது. இராமேசுவரத்துப் பிள்ளை இளம் வயதிலேயே தொட்ட தொழில்நுட்பம், பல பத்தாண்டுகள் கழித்து அவர் ஊர்க் கடலுக்கு வெளிநாட்டு வரைபடத்தோடு வந்து சேர்ந்தது.

இதே கலாம் 1983இல் ஏவுகணைத் திட்டத்தை ஏற்றபோது வேறு வழியில் போனார். வேலையைப் பல்கலைக்கழகங்களுக்குப் பிரித்துக் கொடுத்தார். யாதவ்பூர் பல்கலைக்கழகத்தில் வழிகாட்டும் கணிப்புமுறை உருவானது. ஆகாஷ் ஏவுகணைக்கான வான்பாதுகாப்பு மென்பொருளில் இந்திய அறிவியல் கழகத்தின் முதுநிலை மாணவர்கள் உழைத்தார்கள். அக்னி ஏவுகணையின் வளிமண்டல மறுநுழைவு வடிவமைப்பில் சென்னை ஐ.ஐ.டி. இளைஞர்களுக்குப் பங்கு உண்டு. அமைச்சர்கள் மாறினார்கள், அரசுகளும் மாறின, திட்டம் நிற்கவில்லை. அறிவு பல கைகளில் இருந்தது அதற்கு முக்கியமான காரணம். அக்னிக்காக உருவான இலகுவான கூட்டுப்பொருள், 3 கிலோ எடையுள்ள கால்தாங்கியை ஏறத்தாழ 300 கிராமாகக் குறைத்து ஐதராபாத் மருத்துவமனைக் குழந்தைகளை எளிதாக நடக்கவைத்தது. ஆயுதத்துக்குச் செலவான பணத்தில் கொஞ்சமாவது ஏழைக் குழந்தையின் காலுக்கு வந்தது.

எதிர்ப்புக்கும் நியாயம் இருக்கிறது. இராணுவப் பணம் வரும் திசையில் ஆய்வுத் தலைப்புகள் சாயும். இரகசியம் புகுந்தால் மாணவர் தன் ஆய்வேட்டை வெளியில் காட்டமுடியாது. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்ப நிறுவனத்தில் இது 1969இல் வெடித்தது. அப்பல்லோ விண்கலத்துக்கு வழிகாட்டும் கருவி செய்த அதே ஆய்வகம், நீர்மூழ்கியிலிருந்து ஏவும் பொசைடன் ஏவுகணைக்கும் அதையே செய்தது. மாணவர்கள் கிளர்ந்தார்கள். 1973இல் அந்த ஆய்வகம் டிரேப்பர் என்ற பெயரில் தனியாகப் பிரிந்தது. அதனால் ஏவுகணை வேலை நின்றுவிட்டதா? இல்லை. பல்கலைக்கழகத்தின் கண்ணிலிருந்து மட்டும் அது விலகியது. கேள்வி கேட்கும் பேராசிரியரும் மாணவரும் பக்கத்தில் இல்லாத ஆய்வகம், இருக்கும் ஆய்வகத்தைவிட நல்லது என்று சொல்ல முடியாது.

இன்று ஐதராபாத் பல்கலைக்கழகத்தில் வெடிபொருள் ஆய்வு மையம் 2005 முதல் நடக்கிறது. கோவை பாரதியார் பல்கலைக்கழகத்தில் உயிரறிவியல் மையம், சென்னை ஐ.ஐ.டி.யில் இன்னொன்று, எல்லாம் டி.ஆர்.டி.ஓ.வின் துணையோடு. இவற்றின் ஒப்பந்தங்களில் இருக்கவேண்டிய முதல் நிபந்தனை, முனைவர் பட்ட ஆய்வேடு எதுவும் பூட்டிவைக்கப்படக்கூடாது என்பது. பூட்டித்தான் ஆகவேண்டிய வேலை என்றால், அதை இராணுவத்தின் சொந்த ஆய்வகம் செய்யட்டும். மாணவரின் பட்டத்தை அதில் கட்டவேண்டாம்.

இரண்டாவது நிபந்தனை, ஆய்வின் பயன் உள்ளூர் மக்களுக்கும் சேரவேண்டும் என்பது; அது இராமநாதபுரம் கரைக்கு நேராகப் பொருந்தும். உச்சிப்புளியில் கடற்படையின் ஐ.என்.எஸ். பருந்து வான்தளம்; மண்டபத்தில் காவல்படை; தொண்டியில் அழகப்பா பல்கலைக்கழகத்தின் கடலியல் துறை. மூன்றும் ஒரே மாவட்டத்தில். ஊர்க்காரர் பெண்கடல் என்று சொல்லும் பாக் நீரிணையில் வாடைக்காலத்துக்கும் தென்மேற்குக் காற்று வீசும் கச்சான்காலத்துக்கும் நீவாடு என்னும் நீரோட்டம் மாறுகிறது, மணல்திட்டு இடம்பெயர்கிறது. ரோந்துப் படகுக்கு வேண்டிய இந்தத் தகவல் நாட்டுப்படகு மீனவருக்கும் வேண்டும். தொண்டியில் ஆழமற்ற கடலுக்கென்று ஒரு மையத்தைக் கடற்படை நிதியில் தொடங்கலாம். கப்பல்கள் நிற்கும் இடம் இரகசியமாகவே இருக்கட்டும். ஆழமும் நீரோட்டமும் அளந்த கணக்கு, அந்தப் பருவம் முடிவதற்குள் பாம்பன், தங்கச்சிமடம், தொண்டி மீனவர் சங்கங்களின் கைக்குப் போய்ச்சேர வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதிவிட வேண்டும்.