சரக்கு வாகனங்களின் வயது வரம்பும் நீதிமன்ற வழக்குகளும்

ஒரு லாரி எத்தனை ஆண்டுகள் சாலையில் ஓடலாம், அதை முடிவு செய்யும் அதிகாரம் யாருக்கு உண்டு என்பவை இந்திய நீதிமன்றங்களில் 40 ஆண்டுகளுக்கும் மேலாக வாதிடப்பட்டு வரும் கேள்விகள். வணிக வாகனங்களுக்கான வயது வரம்பு முதலில் பொதுமக்களின் பாதுகாப்பைக் காரணம் காட்டி வந்தது. பின்னர் காற்று மாசு காரணமாயிற்று. காரணம் மாறியபோது வாகனத்தை அளக்கும் அளவுகோலும் மெல்ல மாறியது.

சட்டத்தின் நிலை

1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 59ஆவது பிரிவு, வாகனத்தின் ஆயுளை நிர்ணயிக்கும் அதிகாரத்தை மத்திய அரசுக்குத் தருகிறது. 56ஆவது பிரிவின்படி, வணிக வாகனம் எதுவாயினும் தகுதிச் சான்று (எஃப்.சி.) பெற்றிருக்க வேண்டும். 8 ஆண்டுகள் வரை இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறையும், அதன் பிறகு ஆண்டுதோறும் இச்சான்று புதுப்பிக்கப்படுகிறது. 1989ஆம் ஆண்டு மத்திய மோட்டார் வாகன விதிகளின் 88ஆவது விதி, சாதாரண லாரிக்கு 12 ஆண்டுகளுக்கு மேலும், பல அச்சு லாரிக்கு 15 ஆண்டுகளுக்கு மேலும் நேஷனல் பெர்மிட் கிடையாது என்கிறது.

இந்த இரண்டு முறைகளும் வெவ்வேறு தன்மையுடையவை. தகுதிச் சான்று வாகனத்தின் நிலையைச் சோதிக்கிறது. வயது வரம்பு உற்பத்தியான ஆண்டை மட்டும் பார்க்கிறது. வழக்குகள் பெரும்பாலும் இந்த வேறுபாட்டைச் சுற்றியே எழுந்தன.

முதல் வழக்குகள்

1980இல் சுபாஷ் சந்திரா எதிர் உத்தரப் பிரதேச அரசு என்ற வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. 7 ஆண்டுகளுக்கு மேற்பட்ட வாகனத்தை ஓட்டக் கூடாது என்று பெர்மிட்டில் நிபந்தனை விதிக்கப் போக்குவரத்து அதிகாரிகளுக்கு உரிமை உண்டா என்பது கேள்வி. இது பயணிகளை ஏற்றும் ஒப்பந்த வாகனங்களைப் பற்றிய வழக்கு. நீதிபதி வி. ஆர். கிருஷ்ணய்யர், பொதுமக்களின் பாதுகாப்பைக் கருதி அந்த நிபந்தனை செல்லும் என்று தீர்ப்பளித்தார்.

கேரளத்தில் இதே கேள்வி வேறு வடிவில் எழுந்தது. பெர்மிட் உள்ள வாகனத்துக்குப் பதிலாக அதைவிடப் பழைய வாகனத்தை இறக்கினால், அதை மறுக்க அதிகாரிகளுக்கு மாநில விதி இடமளித்தது. ஆயுளை நிர்ணயிக்கும் அதிகாரம் மத்திய அரசுக்கே உரியது என்று உரிமையாளர்கள் வாதிட்டனர். அந்த விதி வாகனத்தின் ஆயுளை நிர்ணயிக்கவில்லை, பெர்மிட்டை மட்டுமே ஒழுங்குபடுத்துகிறது என்று கூறி 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது.

தில்லியும் காற்று மாசும்

தில்லியின் காற்று மாசு குறித்து வழக்கறிஞர் எம். சி. மேத்தா 1985இல் தொடுத்த பொதுநல வழக்கு இந்த வரலாற்றின் போக்கை மாற்றியது. 1998 ஜனவரியில் பூரே லால் தலைமையில் மாசுத் தடுப்பு ஆணையம் அமைக்கப்பட்டது. அவ்வாண்டே உச்ச நீதிமன்றம் பழைய வணிக வாகனங்களைப் படிப்படியாக அகற்ற உத்தரவிட்டது. 20 ஆண்டுகளுக்கு மேற்பட்டவை அக்டோபர் 2க்குப் பிறகும், 17 முதல் 19 ஆண்டுகள் ஆனவை நவம்பர் 15க்குப் பிறகும், 15, 16 ஆண்டுகள் ஆனவை டிசம்பர் 31க்குப் பிறகும் தில்லியில் ஓடக் கூடாது என்றாயிற்று. கொல்கத்தா பெருநகரப் பகுதியிலும் 2008இல் உயர் நீதிமன்றம் 15 ஆண்டுகளுக்கு மேற்பட்ட வணிக வாகனங்களை அகற்ற ஆணையிட்டது. பின்னர் காலக்கெடு 2009 ஜூலை இறுதி வரை நீட்டிக்கப்பட்டது.

தேசிய பசுமைத் தீர்ப்பாயம் 2014 நவம்பர் 26 அன்று தில்லியில் 15 ஆண்டுகளுக்கு மேற்பட்ட எல்லா வாகனங்களுக்கும் தடை விதித்தது. 2015 ஏப்ரல் 7 அன்று, தேசியத் தலைநகர்ப் பகுதியில் 10 ஆண்டுகளுக்கு மேற்பட்ட டீசல் வாகனங்களையும் தடை செய்தது. பெரும்பாலான லாரிகள் டீசலில் ஓடுவதால் சரக்குப் போக்குவரத்துக்கு இதுவே பெரிய அடி. 2015 டிசம்பர் 16 அன்று உச்ச நீதிமன்றம், 2005 அல்லது அதற்கு முன் பதிவான வணிக வாகனங்கள் தில்லிக்குள் நுழையவும் தடை விதித்தது.

எதிர்ப்பு வாதங்கள்

தடையை மாற்றக் கோரி மத்திய அரசே தீர்ப்பாயத்தை அணுகியது. 2017 செப்டம்பரில் அக்கோரிக்கை தள்ளுபடியானது. 2018 அக்டோபர் 29 அன்று உச்ச நீதிமன்றமும் 10 ஆண்டு, 15 ஆண்டு வரம்புகளை நடைமுறைப்படுத்த உத்தரவிட்டது.

வாகன உரிமையாளர்கள் தொழில் செய்யும் உரிமையை, அதாவது அரசியலமைப்பின் 19ஆவது பிரிவை, எடுத்துக்காட்டினர். மறுபுறம் நின்றது 21ஆவது பிரிவு தரும் உயிர்வாழும் உரிமை. தூய காற்றும் அதில் அடங்கும் என்று நீதிமன்றங்கள் விளக்கியுள்ளன. இரண்டு தரப்பிலும் எளிய மக்கள் இருந்தனர். புதிய லாரி வாங்க முடியாமல் பழைய லாரியைக் கடனில் வாங்கி ஓட்டுபவருக்கு இந்த வரம்பு பிழைப்புப் பிரச்சினை. சாலையோரத்தில் கடை வைத்திருப்பவருக்கும் அங்கே வளரும் குழந்தைக்கும் லாரியின் புகை உயிர்ப் பிரச்சினை.

தடை செய்யப்பட்ட வாகனங்கள் எல்லாம் உடைக்கப்படவில்லை. 15 ஆண்டுகளுக்கு உட்பட்டவற்றை வாகன நெருக்கம் குறைந்த பகுதிகளுக்கு மாற்றத் தடையில்லாச் சான்று தரலாம் என 2016இல் தீர்ப்பாயம் அனுமதித்தது. இதனால் புகையின் ஒரு பகுதி சிற்றூர்களுக்கு இடம் பெயர்ந்தது.

வயதிலிருந்து தரத்துக்கு

2021இல் வந்த வாகனக் கழிவுக் கொள்கை, தனியார் லாரிகளுக்கு நாடு முழுவதும் ஒரே வயது வரம்பை விதிக்கவில்லை. மாறாக, 15 ஆண்டுகளுக்கு மேற்பட்ட கனரக வாகனங்களின் தகுதிச் சான்றுக் கட்டணம் 2022 ஏப்ரல் 1 முதல் 12,500 ரூபாயாக உயர்த்தப்பட்டது. 15 ஆண்டுகள் கடந்த அரசு வாகனங்களின் பதிவைப் புதுப்பிப்பது 2023 ஏப்ரல் 1 முதல் நிறுத்தப்பட்டது.

2025 ஆகஸ்ட் 12 அன்று, வயதை மட்டும் காரணம் காட்டித் தலைநகர்ப் பகுதி உரிமையாளர்கள் மீது கடும் நடவடிக்கை எடுக்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. டிசம்பர் 17 அன்று அந்தப் பாதுகாப்பு பி.எஸ். 4 மற்றும் அதற்கு மேற்பட்ட புகைத் தரம் கொண்ட வாகனங்களுக்கு மட்டும் என்று திருத்தியது. இதற்கிடையே காற்றுத் தர மேலாண்மை ஆணையம், பி.எஸ். 4 தரத்துக்குக் கீழ்ப்பட்ட வெளிமாநிலச் சரக்கு வாகனங்கள் 2025 நவம்பர் 1 முதல் தில்லிக்குள் நுழையத் தடை விதித்தது. பி.எஸ். 4 வாகனங்களுக்கு 2026 அக்டோபர் 31 வரை அவகாசம் தந்தது.

புதிய அளவுகோலிலும் சிக்கல் உண்டு. பி.எஸ். 4 தரம் தில்லியில் 2010லும், நாடு முழுவதும் 2017லும்தான் கட்டாயமானது. எனவே 2016இல் வேறு ஊரில் வாங்கிய லாரி பி.எஸ். 3 ஆக இருக்கலாம். 2011இல் தில்லியில் பதிவான வாகனம் பி.எஸ். 4 ஆக இருக்கலாம். இங்கே வயதில் இளைய லாரிக்குப் பாதுகாப்பு கிடைக்காது, மூத்ததற்குக் கிடைக்கும். உற்பத்தியான ஆண்டை விடப் புகைத் தரம் மாசுக்கு நெருக்கமான அளவுகோல். ஆயினும் சட்டம் அனுமதித்த காலத்தில், அனுமதித்த தரத்தில் லாரி வாங்கியவரின் இழப்பை யார் ஏற்பது என்ற கேள்விக்கு இன்னும் விடை கிடைக்கவில்லை.