‘மான்விழி’ ஹைதே: ஹாலிவுட் கூப்பிட்டும் போக முடியாத துனிசிய ஹீரோயின்

அரபு சினிமான்னா உங்களுக்கு யார் ஞாபகம் வருது? ‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’ பார்த்தவங்க ஓமர் ஷரீஃப்னு சொல்வீங்க. அவர் பிறந்தது 1932-ல். அதுக்கு 10 வருஷம் முன்னாடியே, துனிசியாவில் 16 வயசுப் பெண் ஒருத்தி ஹீரோயினா நடிச்சிட்டா. பேரு, ஹைதே ஷிக்லி.

அப்பா ஒரு கேமரா பிரியர்

1906-ல் துனிஸ் நகரில் பிறந்தவர் ஹைதே. அப்பா ஆல்பர்ட் சமாமா ஷிக்லி, துனிசிய யூதர். அம்மா இத்தாலியைச் சேர்ந்தவர். லூமியர் சகோதரர்களின் படங்களை துனிஸில் திரையிட்டது, பலூனில் பறந்தபடியே படம் பிடிச்சது, முதல் உலகப் போர்முனைக்கு கேமராவோட போனதுன்னு அப்பாவோட சாகசங்கள் ஏராளம்.

1922-ல் அவர் எடுத்த ‘ஸோஹ்ரா’ குறும்படத்தில், கப்பல் விபத்தில் தப்பி, பெதூயின் நாடோடி மக்களிடம் அடைக்கலமாகும் பிரெஞ்சுப் பெண்ணா நடிச்சார் ஹைதே.

நடிப்பு மட்டுமல்ல, எழுத்தும்!

அடுத்தது 1924-ல் வந்த ‘ஐன் அல் கஸால்’. தமிழில் சொன்னா ‘மான்விழி’. அப்பா பார்த்த மாப்பிள்ளை வேண்டாம்னு, காதலனைத் தேடி வீட்டை விட்டு வெளியேறும் பெண்ணின் கதை. முடிவு சோகம்தான். அந்த ஹீரோயினா நடிச்சதோட, திரைக்கதையை எழுதினதும் ஹைதேதான். எடிட்டிங்கும் பார்த்தார்.

ரெண்டுமே மௌனப் படங்கள். எகிப்திலேயே பேசும் படம் 1932-ல்தான் வந்தது.

அப்பா சொன்ன ‘நோ’

இதே காலத்தில், ‘தி அராப்’ படத்தை எடுக்க ஹாலிவுட் இயக்குநர் ரெக்ஸ் இங்கிராம் துனிசியா வந்தார். ஹைதேவுக்கு அதில் ஒரு வேஷம் கிடைச்சது. ‘அமெரிக்காவுக்கு வர்றியா?’ன்னு இங்கிராம் கூப்பிட, அப்பா மறுத்துட்டார். மகளை கேமரா முன்னால் நிறுத்தினவரும் அவர்தான், மகளோட ஹாலிவுட் வாய்ப்புக்குத் தடை போட்டவரும் அவர்தான். கதையில் அப்பாவை எதிர்த்த பெண்ணை எழுதியவர், நிஜத்தில் ஊரிலேயே தங்கிட்டார்.

அதோட நடிப்புக்கு முற்றுப்புள்ளி. அல்ஜீரியாவின் தம்ஸாலி குடும்பத்தில் திருமணமாகி, சமூக சேவையில் இறங்கினார். 1992-ல் தன் நினைவுகளைப் புத்தகமா எழுதினார். 1998-ல், 92 வயசை நெருங்கும்போது காலமானார்.

‘மான்விழி’யில் இன்னைக்கு மிஞ்சியிருப்பது சில பகுதிகள்தான். இணையத்தில் எங்கேயாவது கண்ணில் பட்டா, ஸ்க்ரோல் பண்ணிப் போயிடாதீங்க. திரையில் ஓடுற அந்தப் பெண்ணை எழுதினப்போ, ஹைதேவுக்கு 18 வயசுகூட நிரம்பியிருக்காது!