நடுகல்லும் ஓர் ஆண்டிதழும்



‘ஆவணம்’ என்னும் இதழைப் பற்றி இன்று உங்களோடு பேச விரும்புகிறேன். தஞ்சாவூரைத் தலைமையிடமாகக் கொண்ட தமிழகத் தொல்லியல் கழகம் 1991-ஆம் ஆண்டு இதனைத் தொடங்கிற்று. முப்பதுக்கு மேற்பட்ட இதழ்கள் வெளிவந்துள்ளன. கடைத்தெருவில் தொங்கும் இதழ் அன்று இது. புதிதாகக் கிடைத்த கல்வெட்டு, செப்பேடு, காசு, பாறை ஓவியம், நடுகல் ஆகியவையே இதன் பொருள். கண்டவர் யார், எவ்வூரில் கண்டார் என்பனவும் பதிவாகும். அவ்வாறு கண்டவருள் பேராசிரியரும் உளர், பள்ளியாசிரியரும் உளர். இரண்டாம் வகையினரைக் காணும்போது எனக்குச் சிறிது பெருமிதம் உண்டாவது இயல்பே.

தேனி மாவட்டத்துப் பிள்ளைகளுக்கும் இதற்கும் என்ன உறவு? ஆண்டிபட்டி வட்டத்தில், வைகைக் கரையில், புலிமான்கோம்பை என்றொரு சிற்றூர் உண்டு. 2006-ஆம் ஆண்டு அங்கே கள ஆய்வு செய்த பேராசிரியர் கா. ராஜனும் ஆய்வு மாணவரும், பண்டைய ஈமக்காடு ஒன்றன் அருகே, எழுத்துப் பொறித்த மூன்று நடுகற்களைக் கண்டனர். எழுத்து, தமிழ் பிராமி. அதுவரை அவ்வெழுத்தைக் குகைத்தளங்களிலும், பானை ஓடுகளிலும், காசுகளிலும், மோதிரங்களிலும் கண்டிருந்தோம், நடுகல்லில் கண்டதில்லை. செங்கம், தருமபுரிப் பகுதிகளில் மிகுதியாகக் கிடைத்த வட்டெழுத்து நடுகற்களோ பல நூற்றாண்டு பிற்பட்டவை. புலிமான்கோம்பைக் கற்கள் கிறிஸ்துவுக்கு முற்பட்டவை. எந்த நூற்றாண்டு என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு.

இத்தகைய கல்லை எவ்வாறு படிக்கின்றனர்? முதலில் மண்ணையும் பாசியையும் நீக்கிக் கழுவுவர். நனைத்த தாளைக் கல்லின்மேல் ஒட்டித் தூரிகையால் தட்டித் தட்டிப் பதிய வைப்பர். தாள் எழுத்துப் பள்ளங்களுக்குள் இறங்கிவிடும். பின்னர் மை தோய்ந்த பொதியால் ஒற்றினால், மேடு கறுக்கும், எழுத்து வெள்ளையாக நிற்கும். இதற்கு மைப்படி என்று பெயர். கல்லில் கண்ணுக்குத் தெரியாத கோடும் மைப்படியில் தெரிவதுண்டு.

அம்மூன்றனுள் ஒன்று கூறும் செய்தி இது: பேடு என்னும் ஊரைச் சேர்ந்த தீயன் அந்தவன், கூடலூர் ஆகோளில் இறந்தான், இஃது அவன் கல். ஆகோள் என்றால் ஆநிரை கவர்தல். தொல்காப்பியம் வெட்சித் திணையின் துறைகளுள் ஒன்றாக இச்சொல்லைக் கூறுகிறது. இலக்கணத்தில் நாம் மனப்பாடம் செய்யும் சொல், வைகைக் கரைக் கல்லில் ஒருவன் இறந்த காரணமாக நிற்கிறது! இதைக் காட்டிலும் நல்ல உரையை எந்த உரையாசிரியரும் எழுதிவிடவில்லை என்பது என் கருத்து. கல்லில் உருவம் ஏதுமில்லை. வில்லும் வாளும் ஏந்திய வீரனைச் செதுக்கும் வழக்கம் பின்னர்ப் பரவியது.

கடல் கடந்தும் இத்தகைய இதழ்ப்பணி நடந்ததுண்டு. அமெரிக்காவில், அரிசோனா மாநிலத்து ஸ்காட்ஸ்டேல் நகரிலிருந்து, அந்நிலத்துப் பழங்குடி மக்களின் கலைக்கென்றே 1975 முதல் ஒரு காலாண்டிதழ் வந்தது. நவாஹோ மக்களின் நெசவும் பியூப்லோ மக்களின் மட்கலங்களும் அதில் கலைப்பொருள்களாகவே மதித்து ஆராயப்பட்டன. வண்ணப்படங்கள் நிறைந்த அவ்விதழ் 2015-இல் நின்றுபோயிற்று. நம் ஆவணத்துக்கு அத்தகைய பகட்டு என்றும் இருந்ததில்லை.

நிற்க. கல்தானே, எங்கே போய்விடும் என்று எண்ணவேண்டா. உருவம் தேய்ந்த நடுகல்லின்மேல் துணி துவைப்பதை நான் கண்டிருக்கிறேன். சாலைக்கு ஜல்லியாக உடைபட்டவை எத்தனையோ, வரப்புக்கு அண்டை கொடுத்தவை எத்தனையோ. மைப்படி எடுத்து அச்சிலும் ஏறிவிட்டால், கல் சிதைந்தாலும் அதன் வாசகம் சிதையாது. 2006-க்குப் பின் தீயன் அந்தவன் அவ்வகையில் நற்பேறு பெற்றவன்.

அந்தக் கூடலூரை, கம்பத்திலிருந்து குமுளிக்குச் செல்லும் சாலையிலுள்ள நம் கூடலூராகக் கொள்வோர் உண்டு. அவன் நிரை கவரச் சென்றவனா, காத்து நின்றவனா என்பதைக் கல் விளக்கவில்லை. இதனை வகுப்பில் சொன்னபோது கூடலூர் மாணவன் ஒருவன் எழுந்து, “அவர் எங்கள் பக்கந்தான் ஐயா” என்றான். உங்கள் மாட்டை ஓட்டிப்போக வந்தவனாகவும் இருக்கலாமே என்றேன். அதற்கும் அவன் இசையவில்லை.