பேருந்தில் ஏறிய நாடு!

1941 ஏப்ரல் 5. செர்பியச் சிற்றூர்ப் பாதையொன்றில் பெல்கிரேடு நோக்கி ஆடி அசைந்து செல்கிறது ஓர் ஓட்டைப் பேருந்து. உள்ளே, முதல் உலகப் போரைக் கண்ட முதியவர் உண்டு, ஜெர்மானியரின் ஒழுங்கை வியந்து போற்றுபவர் உண்டு, காசநோயாளி உண்டு, புதுமணத் தம்பதியர் உண்டு, பாடிப் பிழைக்கும் ரோமா இனத்தவர் இருவரும் உண்டு.

முதியவரின் பணப்பை காணவில்லை. கண்டவர் உண்டா? இல்லை. சான்று உண்டா? அதுவும் இல்லை. பிறப்பே சான்றாகிவிட்டது! பாடகர் இருவர் மீதும் அடி விழுகிறது. அந்நேரமே, ஏப்ரல் 6 அன்று, பெல்கிரேடு மீது ஜெர்மானியக் குண்டுகள் விழுகின்றன. தீர்ப்பளித்தோர் மாண்டனர், சிதைவினின்று உயிரோடு எழுந்தோர் அந்தப் பாடகர் இருவரே!

குண்டு வீச்சு வரலாறு, பேருந்தோ கற்பனை. கற்பனை செய்தவர் துஷான் கோவாசெவிச். 1980-இல் ஸ்லோபொதான் ஷிஜான் இயக்கத்தில் வெளிவந்த 'அங்கே பாடுவது யார்' என்ற படத்தின் எழுத்தாளர் அவர். அந்தப் பேருந்தில் ஒரு நாட்டையே ஏற்றி வைத்தார் என்போம் நாம்.

கோவாசெவிச் பிறந்தது 1948-இல். டிட்டோவின் யுகோஸ்லாவியாவும் ஸ்டாலினின் ரஷ்யாவும் பகைத்துப் பிரிந்த ஆண்டு அது. நேற்றுவரை ஸ்டாலினைப் போற்றியோர், போற்றியதற்காகவே சிறை புகுந்த காலம்! அந்தக் காயத்திலிருந்து பிறந்தது 'பால்கன் ஒற்றன்'. முதலில் நாடகம், 1984-இல் திரைப்படம். அன்று சிறை சென்று மீண்ட இலியா என்பவனைக் காவல்துறை அழைத்து, அவன் வீட்டுக் குடக்கூலிக்காரனைப் பற்றிச் சில வினாக்கள் கேட்கிறது. அவ்வளவுதான்! பாரிசிலிருந்து திரும்பிய அந்தத் தையற்காரன் ஒற்றனே என்று முடிவு கட்டுகிறான் இலியா. பின்தொடர்கிறான், படம் பிடிக்கிறான், கட்டிவைத்து வதைக்கிறான். காவல்துறை விட்டுவிட்டது, அவன் உள்ளத்தில் குடியேறிய காவலன் விடவில்லை! சிறைக்கதவு திறந்தும் சிந்தனையின் விலங்கு கழலவில்லை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

1982-இல் வந்த மற்றொரு படத்தில், தலைமுறை தலைமுறையாகச் சவப்பெட்டி விற்கும் குடும்பம். புதைகுழியிலிருந்து திருடிவந்த பெட்டியையே மீண்டும் விற்கிறார்கள்! கிழவர்கள் ஆளும் அந்த வீட்டில் விடுதலை தேடும் இளைஞன், இறுதியில் அவர்களினும் கொடியவனாகிறான். பழமையை எதிர்த்தால் மட்டும் போதாது, அதன் குணமும் நம்மைப் பற்றாதிருக்க வேண்டும் என்பதன்றோ இதன் பாடம்?

எமிர் குஸ்துரிட்சாவுடன் அவர் எழுதிய 'நிலவறை' 1995-இல் கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றது. போர் முடிந்த பின்னும் முடியவில்லை என்று பொய்யுரைத்து, மக்களை நிலவறையில் அடைத்து ஆயுதம் செய்விக்கிறான் ஒருவன். யுகோஸ்லாவியா குருதியில் உடைந்துகொண்டிருந்த நேரம் அது. செர்பியரின் பழியை மறைக்கும் படம் என்று கண்டித்தோரும் இருந்தனர். அந்தக் கண்டனத்தையும் நாம் எடைபோட்டே பார்க்க வேண்டும். கலைஞன் என்பதற்காக எவனையும் தொழுதல் நமக்கு அழகன்று.

ஆயினும் ஒன்று சொல்வோம். பணப்பை தொலைந்தவுடன் நம் கண் எவர் பக்கம் திரும்புகிறது? அந்தக் கணத்தில் சான்று கேட்பவனே பகுத்தறிவாளன். கேளாதவன், எத்துணை நூல் கற்றாலும், அந்த ஓட்டைப் பேருந்தின் பயணியே!