லட்சுமிகாந்தன் கொலை வழக்கு (1944–1947)

அன்றைய தஞ்சை மாவட்டத்து மாயவரத்தில் 1910-இல் பிறந்து திருச்சியில் வளர்ந்த திரை நாயகன் எம்.கே. தியாகராஜ பாகவதரும், நகைச்சுவை நடிகர் என்.எஸ். கிருஷ்ணனும் கொலைச் சதியில் ஈடுபட்டதாகத் தண்டிக்கப்பட்டு, மேல்முறையீட்டில் விடுதலையான வழக்கு இது. ‘சினிமா தூது’, ‘இந்துநேசன்’ ஆகிய இதழ்களில் திரைத்துறையினரின் அந்தரங்கங்களை எழுதிவந்த சி.என். லட்சுமிகாந்தன், 1944 நவம்பர் 8 அன்று சென்னை வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். பாகவதர் நடித்துத் தீபாவளிக்கு வெளியான ‘ஹரிதாஸ்’ படம் அப்போது அரங்குகள் நிறைய ஓடிக்கொண்டிருந்தது. டிசம்பர் இறுதியில் நடிகர்கள் இருவரும் கைதானார்கள். லட்சுமிகாந்தனின் எழுத்தால் காயப்பட்டவர்கள் எத்தனையோ பேர். அப்படியிருக்க, பகை இருந்தது என்பது எவரையும் தனியே சுட்டிக்காட்டாது. ஆகவே அரசுத் தரப்பு அப்ரூவராக மாறியவரின் வாக்குமூலத்தைத்தான் பெரிதும் நம்பியது. 1945 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஜூரிகள் இருவரையும் குற்றவாளிகள் என்றனர். நீதிபதி மாக்கெட் தீவாந்திர தண்டனை விதித்தார். உடன் குற்றஞ்சாட்டப்பட்ட படத் தயாரிப்பாளர் ஸ்ரீராமுலு நாயுடு அந்த விசாரணையிலேயே விடுவிக்கப்பட்டார்.

முதல் மேல்முறையீடு அதே ஆண்டு தள்ளுபடியானது. லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்ற பிறகே, அதை மறுபடி விசாரிக்கும்படி வழக்கு சென்னைக்குத் திரும்பியது. வி.எல். எத்திராஜ் வாதாட, நீதிபதிகள் ஹேப்பல், ஷஹாபுதீன் அமர்வு 1947 ஏப்ரலில் இருவரையும் விடுதலை செய்தது. தீர்ப்புக்குப் பின் சிறையில் கழிந்த காலம் மட்டும் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள். லண்டன் வரை வழக்கு நடத்தப் புகழும் பணமும் இருந்தவர்களுக்கே இத்தனை காலம் ஆயிற்று. அந்த வசதி இல்லாத ஒரு கூலி விவசாயி இதே அப்ரூவர் சாட்சியத்தில் சிக்கியிருந்தால், முதல் தள்ளுபடியே அவர் வழக்கின் முடிவாகியிருக்கும்.

விடுதலை என்பது குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்பதுதானே, நிரபராதி என்ற சான்றாகுமா என்று கேட்பவர்கள் உண்டு. நிரூபிக்கும் பொறுப்பு அரசுடையது. அது முடியாதபோது, விடுதலையானவரிடம் மேலும் ஒரு சான்று கேட்பது சட்டம் சுமத்தாத சுமையைச் சமூகம் சுமத்துவதாகும். இழந்ததை விடுதலை திருப்பித் தரவில்லை என்றால், விடுதலைக்குப் பின் பாகவதர் திரையில் சரிந்ததற்கு மாறிய ரசனையே காரணம், கிருஷ்ணன் மீண்டுவிடவில்லையா என்று வரும் மறுப்புக்கு இன்னும் வலு உண்டு. கிருஷ்ணன் 1952-இல் ‘பணம்’ படத்தை இயக்கும் அளவுக்கு எழுந்தார் என்பது உண்மை. அது அவருடைய ஆற்றலைக் காட்டுகிறதே தவிர, இழந்ததை நீதிமன்றம் ஈடுசெய்ததாகக் காட்டவில்லை. ரசனை மாறியதும் உண்மைதான். ஆனால் அந்த மாற்றத்தோடு சேர்ந்து மாறிப் பார்க்கும் வாய்ப்பையே சிறை பாகவதரிடமிருந்து பறித்தது. பக்தராகவும் அரசராகவும் கொண்டாடப்பட்ட நாயகனுக்குக் கொலைப்பழி செய்த சேதமும் நகைச்சுவை நடிகருக்கு நேர்ந்ததைவிட ஆழமானது என்றே கொள்ள வேண்டும். ‘ராஜமுக்தி’ (1948) தோற்றது. அடுத்து வந்த ‘அமரகவி’யும் ‘சியாமளா’வும் பழைய இடத்தை மீட்டுத் தரவில்லை. 1959 நவம்பர் 1 அன்று, ஐம்பது வயது நிறையும் முன்பே, அவர் இறந்தார்.

தவறான வழக்குகளுக்கு இழப்பீடு தரத் தனிச் சட்ட ஏற்பாடு வேண்டும் என்று இந்தியச் சட்ட ஆணையம் தன் 277-ஆவது அறிக்கையில் பரிந்துரைத்தது 2018-இல்தான். லட்சுமிகாந்தன் கொலைக்குப் பின்னால் இருந்தவர் யார் என்பது எந்த நீதிமன்றத்திலும் நிறுவப்படவில்லை.