கேஷ், காசு, துட்டு

 

"இங்கிலீஷ் கேஷ் நம்ம காசுதான்" என்று வகுப்பில் வருஷக்கணக்காக அடித்துச் சொன்னேன் அல்லவா? அது பாதிதான் சரி. போன வாரம் பேத்தி கேட்டாள் என்று பெரிய ஆங்கில அகராதியைப் புரட்டினேன். அதில் கேஷ் என்று இரண்டு தனிச் சொற்கள் இருக்கின்றன.

ரொக்கத்தைக் குறிக்கும் கேஷ், பணப்பெட்டியைக் குறித்த பிரெஞ்சு, இத்தாலியச் சொற்களிலிருந்து வந்தது. பெட்டியின் பெயர் உள்ளே இருக்கும் பணத்துக்கு ஆகிவந்திருக்கிறது.

இன்னொரு கேஷ், சிறு செப்புக்காசு. அதுதான் நம் காசு. போர்த்துகீசியர் வழியாக ஆங்கிலத்துக்குப் போனது. சென்னையில் கும்பெனிக் கணக்குப்படி 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன். 1818இல் ரூபாய்க் கணக்கு வந்து இதை மாற்றியது. சென்னைக்கு 10 காசு, 20 காசு நாணயங்களை ஏற்றிப் புறப்பட்ட 'அட்மிரல் கார்ட்னர்' கப்பல், 1809இல் இங்கிலாந்துக் கரையருகே மூழ்கியது. சீனத்துச் செப்புக்காசையும் ஆங்கிலேயர் கேஷ் என்றே அழைத்தார்கள்.

இன்னொரு திருத்தமும் உண்டு. பரீட்சைக் கட்டணம் கேட்டபோது ஒரு பையன், "சார், வீட்ல துட்டு இல்ல" என்றான். "கொச்சையாப் பேசாதல, பணம்னு சொல்லு" என்றேன். துட்டு கொச்சையில்லை. 1658இல் தூத்துக்குடியைப் பிடித்த டச்சுக்காரர்களின் செப்புக்காசுப் பெயரிலிருந்து வந்த சொல் அது.

அன்று அவன் சொல்லைத் திருத்தினேன். சொன்னதைக் காதில் வாங்கவில்லை. தம்பி, இதைப் படித்தால் வீட்டுக்கு ஒருதரம் வந்துவிட்டுப் போ.