கோபுரங்களைக் காத்த சுண்ணம்: யாழ்ப்பாணத்துச் சாந்துப் பூச்சின் வரலாறு

யாழ்ப்பாணக் குடாநாட்டுக் கோபுரங்களின் மேல்நிலைகள் கருங்கல்லால் ஆனவை அல்ல. செங்கல்லை அடுக்கி, மேலே சாந்து பூசி, அந்தச் சாந்திலேயே தெய்வ உருவங்களையும் யாளிகளையும் சுதையாக வனைந்து எழுப்பப்பட்டவை அவை. குடாநாட்டின் அடியில் கிடப்பது மயோசீன் காலத்துச் சுண்ணக்கல். கருங்கல் வேண்டுமானால் வன்னியிலிருந்தோ கடல் கடந்து தமிழகத்திலிருந்தோ கொண்டுவர வேண்டும். அதனால் கோபுரத்தை மழையிலிருந்தும் உப்பிலிருந்தும் காக்கும் வேலை முழுவதும் மெல்லிய சாந்துப் பூச்சின் மேல் விழுந்தது.

அந்த வேலை எவ்வளவு கடினமானது என்பதைக் கொழும்புத்துறை போன்ற கரையோரத்தில் நன்றாகக் காணலாம். யாழ்ப்பாண நகரின் தென்கிழக்கு ஓரத்தில், கடல்நீரேரியைப் பார்த்தபடி இருக்கிறது இவ்வூர். வைகாசி தொடங்கிச் சோளகம் வீசும் மாதங்களில் உப்பீரம் நேராக வந்து சுவரில் படிகிறது. ஐப்பசியில் மழை பிடிக்கிறது; பின்னால் வாடை. கட்டடத்துக்குள் இறங்கிய உப்பு, ஈரம் காயும்போது பளிங்காகி விரிந்து, பூச்சை உள்ளிருந்தே தள்ளி உதிர்க்கிறது. உப்பை வரவிடாமல் தடுக்க எந்தப் பூச்சாலும் முடியாது. ஈரம் வெளியே போவதற்கு வழிவிடும் பூச்சே நிலைக்கும்.

கோயிலைக் காக்கும் பூச்சு பற்றிய எண்ணம் பழையது. 6ஆம் நூற்றாண்டில் வராகமிகிரர் இயற்றிய பிருகத்சம்ஹிதை, வச்சிரலேபம் என்ற பூச்சுக்கு ஓர் அத்தியாயமே ஒதுக்குகிறது. விளாங்காய், இலவம்பூ முதலியவற்றைக் காய்ச்சி வற்றவைத்து, பிசின்களைச் சேர்த்து, சூட்டோடு கோயிலிலும் சிலையிலும் சுவரிலும் கிணற்றிலும் பூசினால் ஒரு கோடி ஆண்டு நிலைக்கும் என்கிறது அந்நூல். ஆண்டுக் கணக்கு மிகைதான். ஆனாலும் கட்டடப் பூச்சுக்குத் தாவரச் சாறு வலுவூட்டும் என்ற அறிவு அதில் இருக்கிறது. தென்னாட்டுக் கொத்தர்கள் கடுக்காய் ஊறிய நீரையும் கருப்பட்டிக் கரைசலையும் சாந்தில் சேர்த்தது அதே அறிவின் வேறொரு வடிவம். சீனர் பசையரிசிக் கஞ்சியைச் சுண்ணாம்போடு குழைத்து மதில் கட்டியதும் இவ்வகையே.

சாந்து உருவாகும் முறையைக் கிட்ட நின்று பார்த்தால், அதற்கு உயிர் இருப்பதாகத் தோன்றுவதன் காரணம் விளங்கும். சுண்ணக்கல்லையோ முருகைக்கல்லையோ சிப்பியையோ சூளையில் ஏறத்தாழ 900 பாகை செல்சியஸ் வெப்பத்தில் சுடும்போது அதிலுள்ள கரியமில வாயு வெளியேறுகிறது. 100 கிலோ தூய சுண்ணக்கல்லில் 56 கிலோவே மிஞ்சும். அந்தச் சுட்ட கல்லில் நீர் ஊற்றியதும் சீறி, கொதித்து, வெண்மாவாக நீறிப் பூக்கிறது. நீற்றிய சுண்ணாம்பை நீருக்கடியில் வாரக்கணக்காக, மாதக்கணக்காகப் புளிக்கவிட்டால் வெண்ணெய்ப் பதம் வரும். மணலோடு அரைத்து, கடுக்காய் நீரும் கருப்பட்டியும் விட்டுக் குழைத்துப் பூசிய பிறகு, அது காற்றிலிருந்து கரியமில வாயுவை மெல்ல மெல்ல வாங்கி மீண்டும் சுண்ணக்கல்லாகிறது. சூளையில் இழந்ததைச் சுவரில் நின்றபடி திரும்பப் பெறுகிறது.

மயிரிழை வெடிப்பு விழுந்தாலும் அது பெரும்பாலும் தானே மூடிக்கொள்ளும். மழைநீர் இன்னும் இறுகாத சுண்ணாம்பைக் கரைத்து வெடிப்புக்குள் கொண்டுசெல்ல, அங்கே அது பளிங்காகப் படிகிறது. பழைய உரோமரின் கொங்கிறீற்றில் இருக்கும் சுண்ணாம்புக் கட்டிகளும் இப்படி வெடிப்பை ஆற்றவல்லவை என்பதை 2023இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. ஆய்வாளர்கள் சோதித்துக் காட்டினர்.

கந்தரோடையில் உள்ள பழைய தூபிகள் முருகைக்கல்லும் சுண்ணக்கல்லும் கொண்டு எழுந்தவை. குடாநாட்டில் இக்கல் கட்டட வேலைக்கு வந்ததன் பழைமைக்கு அவை சான்று. நல்லூர் அரசு காலக் கோயில்களில் மிஞ்சியவை மிகச் சில. 1621இல் போர்த்துக்கேயத் தளபதி பிலிப் டி ஒலிவேரா நல்லூர்க் கந்தசுவாமி கோயிலை இடித்துத் தரைமட்டமாக்கினான். பின்னர் சுண்ணாம்பும் முருகைக்கல்லும் கோட்டை மதில்களுக்குப் போயின. 1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த ஒல்லாந்தர் அதே பொருள்களால் கோட்டையை ஐங்கோண வடிவில் பெரிதாக்கினர். 1734இல் இரகுநாத மாப்பாண முதலியார் நல்லூர்க் கோயிலைக் கல்லாலும் செங்கல்லாலும் மீண்டும் எழுப்பியதோடு சாந்து கோயிலுக்குத் திரும்பியது. அடுத்த இரு நூற்றாண்டுகளில் குடாநாடெங்கும் கோபுரங்கள் உயர்ந்தன.

இப்பூச்சு நீண்ட காலம் நின்றதற்குச் சுண்ணாம்பின் குணம் பாதிக் காரணம். மறுபாதி கும்பாபிஷேக ஒழுங்கு. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பாலஸ்தாபனம் செய்து, சாரம் கட்டி, உதிர்ந்த சுதையை ஒட்டி, புதுப் பூச்சு இடும் வழக்கம், ஆகமம் வகுத்த ஒரு பராமரிப்புத் திட்டம் என்றே சொல்லவேண்டும். பழுது பெருகுமுன் கைவேலைக்காரர் கோபுர உச்சிக்கு ஏற அது வழிசெய்தது.

மாற்றம் சீமெந்தோடு வந்தது. இங்கிலாந்தில் 1824இல் ஜோசப் அஸ்ப்டின் காப்புரிமை பெற்ற போட்லண்ட் சீமெந்து, 1950இல் காங்கேசன்துறைத் தொழிற்சாலை தொடங்கியதும் குடாநாட்டின் சொந்தப் பொருளாகிவிட்டது. அதற்கு மூலப்பொருளும் அதே சுண்ணக்கல்தான். மாதக்கணக்கில் புளிக்கவைக்க வேண்டியதில்லை. ஒரே நாளில் இறுகும். போரால் 1990இல் தொழிற்சாலை நின்ற பிறகும் சீமெந்துப் பழக்கம் நிற்கவில்லை. போருக்குப் பின் எழுந்த உயர்ந்த இராசகோபுரங்கள் சீமெந்துக் காலத்தவை. நல்லூரில் 2011இல் குடமுழுக்குக் கண்ட ஒன்பது நிலைத் தெற்குக் கோபுரம் அவற்றுள் பெயர்பெற்றது.

சீமெந்தைப் புதுக் கட்டடத்தில் பயன்படுத்துவது வேறு; பழைய சுண்ணாம்புச் சுவரின்மேல் பூசுவது வேறு. பின்னது தவறு. சீமெந்து இறுக்கமானது, உள்ளே சிக்கிய ஈரத்தை விடாது. உப்பு பூச்சுக்குப் பின்னால் தேங்கிச் செங்கல்லையே தின்னும். மேலே நெருக்கமான இரசாயன வர்ணம் அடித்தால் கேடு இன்னும் விரையும். இரும்புக் கம்பி வைத்த சுதைகளின் நிலையும் இதைவிட மேல் அல்ல. காற்றின் கரியமில வாயு சீமெந்தின் காரத்தன்மையைக் குறைக்க, கம்பி துருப்பிடித்துப் பருத்து, தெய்வ உருவங்களின் கையும் காலும் பிளந்து விழுகின்றன. சுண்ணாம்பைக் கல்லாக்கிய அதே வாயுதான் இங்கே அழிவைத் தொடங்குகிறது.

பழைய முறைக்குத் திரும்பும் முயற்சிகள் தமிழகத்துத் திருப்பணிகளில் தெரிகின்றன. மரபுவழிப் புனரமைப்புக்காகத் திருவரங்கம் கோயில் 2017இல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் விருது பெற்றது. யாழ்ப்பாணத்தில் அம்முறையை முன்னிருந்த அளவில் கொண்டுவர இயலாது. முருகைக்கல் அகழ்வை 1981ஆம் ஆண்டின் கரையோரம் பேணல் சட்டமும் அதன் 1988ஆம் ஆண்டுத் திருத்தமும் கட்டுப்படுத்துகின்றன. சுண்ணக்கல்லையும் வெட்டித் தள்ள முடியாது. குடாநாட்டின் கிணற்று நீர் பெரும்பாலும் அக்கல்லின் இடுக்குகளில்தான் தேங்கி நிற்கிறது. மிஞ்சியிருக்கும் பழைய கோபுரங்களின் திருத்த வேலைக்கு மட்டும் அளவாகச் சுண்ணாம்பு நீற்றி, சாந்து குழைக்கத் தெரிந்த கொத்தரைக் கொண்டு பூசுவது இன்றும் இயலக்கூடியதே. அடுத்த கும்பாபிஷேகத்துக்குச் சாரம் கட்டும் நாளுக்குப் பல மாதங்கள் முன்பே அதற்கான சுண்ணாம்பு தொட்டியில் ஊறத் தொடங்கியிருக்க வேண்டும்.